ஈரானியர் மனத்தைத் திறந்து பேசுவதே இல்லையா?

2024 அக்டோபர் 27 – இழையைத் தொடங்கிய வாசகரின் கேள்வி

என் அலுவலகத்தில் பக்கத்து மேசையில் மூன்றாண்டுகளாக ஈரானியர் ஒருவர் வேலை பார்க்கிறார். தேநீர் கொண்டுபோய்க் கொடுத்தால் "உங்கள் கை வலிக்காதிருக்கட்டும்" என்கிறார். விடைபெறும்போது "உங்களுக்காக நான் பலியாவேன்" என்கிறார். ஆனால் அவருக்குத் திருமணம் ஆகிவிட்டதா, பெற்றோர் உயிரோடு இருக்கிறார்களா என்பதுகூட எனக்குத் தெரியாது. 1979-இன் இஸ்லாமியப் புரட்சிக்குப் பிறகு அச்சத்திலேயே வாழ்ந்த ஒரு சமூகம் வெளியே ஒரு முகம், வீட்டுக்குள் ஒரு முகம் என்று பழகிவிட்டது, அந்த இனிய சொற்கள் எல்லாம் முகமூடி என்பது என் எண்ணம். ஈரானியரோடு நெருங்கிப் பழகியவர்கள் இருந்தால் மறுக்கலாம்.

2024 அக்டோபர் 28

மறுக்கிறேன். 2010 முதல் 2013 வரை நான் கோலாலம்பூரில் ஆய்வு மாணவியாக இருந்தேன். அடுக்குமாடியில் என் எதிர்வீட்டில் ஷிராஸ் நகரத்தைச் சேர்ந்த ஒரு தாயும் மகளும் குடியிருந்தனர். மகள் பொறியியல் படிக்க வந்தவள். தாய் அவளுக்குத் துணையாக வந்தவர். முதல் வாரத்திலேயே அந்த அம்மா, தம்மைக் 'காலே' என்று அழைக்கும்படி என்னிடம் சொல்லிவிட்டார். பாரசீகத்தில் அச்சொல் தாயின் உடன்பிறந்தவளைக் குறிக்கும். நம் சித்தியும் பெரியம்மாவும் அதில் அடக்கம். இந்த இழை முழுவதும் அவரை அப்படியே குறிப்பிடுகிறேன்.

நீங்கள் முகமூடி என்று சொல்வதற்கு அங்கே 'தஆரொஃப்' என்று பெயர். கடையில் விலை கேட்டால் "காபெல் நதாரே", அதாவது உங்கள் முன் இதற்கு ஒரு மதிப்பும் இல்லை என்பார் கடைக்காரர். அதைக் கேட்டுவிட்டுப் பொருளை எடுத்துக்கொண்டு யாரும் நடந்துவிடுவதில்லை. விருந்தினர் இரண்டு முறையேனும் வேண்டாம் என்பார். வீட்டார் மூன்றாம் முறையும் வற்புறுத்துவார். அப்போதுதான் கை தட்டை நோக்கிப் போகும். இதில் பொய் எதுவும் இல்லை, ஏனெனில் ஏமாறுபவர் என்று ஒருவர் இதில் இல்லை. இரு தரப்பும் விதியை அறிந்து ஆடுகிற இந்த ஆட்டத்தில், எத்தனை முறை, எந்தக் குரலில், எதைக் கையில் திணித்துக்கொண்டு வற்புறுத்தினார் என்பதில்தான் உண்மையான அன்பு எவ்வளவு என்பது தெரியவரும்.

அச்சத்தால் 1979-க்குப் பிறகு வந்தது என்பதையும் ஏற்க இயலவில்லை. 19-ஆம் நூற்றாண்டில் அங்கே சென்ற ஐரோப்பியப் பயணிகளே தஆரொஃபைப் பற்றிச் சலித்துக்கொண்டு எழுதியிருக்கிறார்கள். காஷான் நகரில் இன்றும் நிற்கும் பழைய வணிகர் வீடுகளைப் பார்த்தால், வெளியார் வந்து அமர 'பீரூனி' என்று ஒரு பகுதியும் குடும்பம் மட்டும் புழங்க 'அந்தரூனி' என்று ஒரு பகுதியும் தனித்தனி முற்றங்களோடு கட்டப்பட்டிருக்கும். பழைய கதவுகளில் ஆண்களுக்கு ஒன்று, பெண்களுக்கு ஒன்று என இரண்டு தட்டுவளையங்கள் இருக்கும். ஓசையைக் கேட்டே வந்திருப்பவர் ஆணா பெண்ணா என்று உள்ளிருப்பவர் அறிந்துகொள்வார். உள்ளும் புறமும் வேறு என்பதை அந்தச் சமூகம் செங்கல்லிலும் சுண்ணத்திலும் என்றோ கட்டிவைத்துவிட்டது. பிந்தைய அரசு அதன்மேல் வேறொரு சுமையை ஏற்றியது என்பது உண்மைதான், அதற்கு வருகிறேன்.

'உங்களுக்காகப் பலியாவேன்' என்பதைக் கேட்டு வியக்கிறீர்கள். அந்த மொழியில் அன்பு முழுவதும் உடலுறுப்புகளில்தான் குடியிருக்கிறது. உன்னைப் பார்க்காமல் ஏங்குகிறேன் என்பதற்கு "தெலம் பராத் தங் ஷொதே", என் நெஞ்சு உனக்காகக் குறுகிவிட்டது என்பார்கள். வா என்று அழைப்பவர், உன் காலடி என் கண்ணின் மேல் என்பார். குழந்தையைக் கொஞ்சும்போது, உன் ஈரலைத் தின்றுவிடுவேன் என்பார்கள். அந்த ஈரலுக்கு அவர்கள் சொல் 'ஜிகர்'. மதுரையில் நாம் குடிக்கும் ஜிகர்தண்டாவின் முதற்பாதி அதுதான் என்று நான் சொன்னபோது, ஈரலைக் குளிர்விக்கும் பானமா என்று காலே கைகொட்டிச் சிரித்தார்.

2024 அக்டோபர் 30

ஒரு திருத்தம். 'தெல்' என்பதை நெஞ்சு என்று மட்டும் எழுதிவிட்டேன். அது வயிறும்கூட. 'தெல்தர்த்' என்றால் வயிற்றுவலி. அதையே திருப்பிப் போட்டு 'தர்தெ தெல்' என்றால் மனச்சுமையை ஒருவரிடம் இறக்கிவைப்பது. பெற்ற வயிறு பற்றி எரிகிறது என்று சொல்கிற நமக்கு இதை விளக்க வேண்டியதில்லை. இன்னொன்றும் நமக்கு அந்நியமாகத் தோன்றாது: மகளைக் கூப்பிடும்போது தாய் "மாதர்", அதாவது அம்மா என்றே கூப்பிடுவார், தந்தை பிள்ளையைப் "பாபா" என்பார். காலே மகளை அப்படி அழைத்தபோது, "வாம்மா" என்று என் தாய் என்னை அழைப்பது காதில் விழுந்தது.

2024 நவம்பர் 4

கோபத்தைப் பற்றிக் கேட்டிருக்கிறீர்கள். இந்தப் பொருளில் எனக்குப் பதினொரு நாள் பயிற்சி உண்டு.

2011-இல் ஒருநாள் தாயும் மகளும் பேசுவதை நிறுத்திவிட்டார்கள். காரணம் ஓர் இரவு அவள் நேரங்கழித்து வந்ததுதான். இரண்டு அறை கொண்ட வீட்டில், ஒரே அடுப்பில் சமைத்ததை ஒரே விரிப்பில் உண்டுகொண்டு, பதினொரு நாள் ஒரு சொல் பேசவில்லை. என்னை அழைத்து உட்காரவைத்து, "சோறு ஆகிவிட்டது என்று அவளிடம் சொல்" என்பார் காலே. மகள் ஒரு கை தூரத்தில் உட்கார்ந்திருப்பாள். நான் சொல்வேன். "பசியில்லை என்று அவரிடம் சொல்லுங்கள்" என்பாள். அதையும் சொல்வேன்.

இதற்குப் பெயர் 'கஹ்ர்'. எதிர்ச்சொல் 'ஆஷ்தி', கூடிவிடுதல். கஹ்ரில் இருப்பவர் வசைபாடுவதில்லை, வீட்டை விட்டுப் போவதில்லை. கடமைகளில் எதையும் குறைக்காமல் பேச்சை மட்டும் எடுத்துக்கொள்கிறார். பேச்சை நிறுத்துவதே, உன் பேச்சில்லாமல் என்னால் இருக்க முடியாது என்று அறிவிப்பதுதான். நமக்கு ஊடல் என்ற சொல் இருக்கிறது. ஆனால் அது காதலர்க்கு உரியதாக நின்றுவிட்டது. பாரசீகத்தில் தாய், மகள், அண்ணன், நண்பர், அண்டை வீட்டார் என எல்லோருக்கும் ஊடும் உரிமை உண்டு. ஊடலைத் தீர்ப்பதற்கும் தனிச் சொல் இருக்கிறது: பிணங்கி நிற்பவர் 'நாஸ்' செய்கிறார், மற்றவர் அந்த நாஸை 'இழுக்க' வேண்டும், அதாவது பொறுமையாகக் கெஞ்சிக் கொஞ்சி அழைத்துவர வேண்டும். இழுக்க ஆள் இல்லாதவரின் நாஸைப் போல இரங்கத்தக்கது வேறொன்றுமில்லை என்று காலே ஒருமுறை சொன்னார். அது தம்மைப் பற்றிய பேச்சு என்பது எனக்கு ஐந்தாண்டுகள் கழித்துத்தான் விளங்கியது.

பன்னிரண்டாம் நாள் காலையில் மகள் தேநீர் ஊற்றி, சர்க்கரைக்கட்டியைத் தட்டில் வைத்துத் தாயின் அருகே நகர்த்தினாள். காலே கட்டியை முன்பற்களில் கடித்துக்கொண்டு தேநீரை உறிஞ்சினார். அவ்வளவுதான், மன்னிப்பு என்ற சொல் இருவர் வாயிலிருந்தும் வரவில்லை.

2024 நவம்பர் 5

நேற்றைய குறிப்பை இனிக்க இனிக்க எழுதிவிட்டேனோ என்று இரவெல்லாம் உறுத்தியது. எல்லாக் கஹ்ரும் தேநீரில் முடிவதில்லை. தந்தையின் சொத்தில் மகனுக்கு இரு பங்கு, மகளுக்கு ஒரு பங்கு என்பது அங்குள்ள குடிமைச் சட்டம். அந்தப் பங்கீட்டில் தொடங்கி, உடன்பிறந்தவரின் இறுதிச் சடங்குவரை நீளும் கஹ்ர்களும் இருக்கின்றன. ஆண்டு பிறக்கும் நொரூஸ் நாளில் மூத்தவர் வீட்டுக்குச் சென்று கூடிவிட வேண்டும் என்பது வழக்கம். அந்த நாளில் எந்த வீட்டுக் கதவு தட்டப்படவில்லை என்பதை முழுத் தெருவும் கவனித்துக்கொண்டிருக்கும்.

2024 நவம்பர் 9

காதலைப் பற்றிய கேள்விக்குச் சுருக்கமாகவே எழுத முடியும். நான் அறிந்ததெல்லாம் அந்த மகளும் அவள் தோழியரும் என் வீட்டுத் தரையில் அமர்ந்து பேசியவைதான்.

தெஹ்ரானில் இளைஞர்கள் 'தோர் தோர்' என்று ஒரே சாலையைக் காரில் மீண்டும் மீண்டும் சுற்றிவந்து, சன்னல் வழியாகத் தொலைபேசி எண்ணை மாற்றிக்கொள்வார்களாம். வெள்ளிக்கிழமைகளில் நகரத்தின் வடக்கே தர்பந்த் மலைப்பாதையில் ஏறுவார்களாம். ஏற ஏறக் கூட்டம் குறையும், கையைப் பிடித்துக்கொள்ளலாம். முத்தமிட இடம் தேடுவதில் ஓர் இளமை முழுவதும் கழிந்துவிட்டது என்று ஒருத்தி சொன்னபோது மற்றவர்கள் சிரித்தார்கள், அவள் சிரிக்கவில்லை.

திருமணம் என்று வந்தால் 'காஸ்தெகாரி': மாப்பிள்ளை வீட்டார் பூவும் இனிப்பும் கொண்டு வருவார்கள், பெண் தேநீர்த் தட்டோடு வருவாள். பிறகு 'மெஹ்ரியே' பேசப்படும். கணவன் மனைவிக்குத் தரக் கடமைப்பட்ட தொகை அது. இன்று பெரும்பாலும் தங்கக் காசுகளில் எழுதப்படுகிறது. ஒரு காசு எட்டு கிராமுக்குச் சற்று மேல். சிலர் மணமகள் பிறந்த ஆண்டையே எண்ணிக்கையாக வைப்பார்கள். 1990-இல் பிறந்த பெண்ணுக்கு அவர்கள் நாட்காட்டியின்படி 1369 காசுகள். "யார் கொடுத்தார், யார் வாங்கினார்" என்று பெரியவர்கள் அதைத் தள்ளிவிடுவார்கள். ஆனால் மணவிலக்கு உரிமை முதன்மையாகக் கணவன் கையில் இருக்கும் ஒரு நாட்டில், அந்த எண் ஒரு தாயின் அச்சத்தின் அளவு. பிரிவு வந்தால் அதே எண் நீதிமன்றத்துக்குப் போகிறது. கொடுக்க முடியாதவர்கள் சிறைக்குப் போயிருக்கிறார்கள். அதனால்தான் 2013-இன் குடும்பச் சட்டம் 110 காசுகள் என்று ஒரு வரம்பை வைத்து, அதற்கு மேற்பட்டதைக் கணவனின் வசதியைப் பொறுத்ததாக்கியது. ஒரே எண் அன்பாகவும், காப்பாகவும், பழிவாங்கலாகவும் மாறக்கூடியது என்பதை அந்தப் பெண்கள் எல்லோரும் இருபது வயதிலேயே அறிந்திருந்தார்கள்.

இருந்தாலும் மணச்சடங்கில் ஒரு நொடியை எனக்கு நடித்துக் காட்டினார்கள். மணமகளிடம் சம்மதம் கேட்கப்படும். அவள் பேசமாட்டாள். "பெண் பூப்பறிக்கப் போயிருக்கிறாள்" என்பார்கள் சுற்றியிருக்கும் பெண்கள். இரண்டாம் முறை கேட்கப்படும். "பன்னீர் கொண்டுவரப் போயிருக்கிறாள்." மூன்றாம் முறைதான், தாய் தந்தையின் அனுமதியோடு, ஆம் என்பாள்.

2024 நவம்பர் 17

இதை எழுதுவதா வேண்டாமா என்று ஒரு வாரம் யோசித்தேன். இழையைத் தொடங்கியவரின் கேள்விக்கு நேரான விடை இதில்தான் இருக்கிறது என்பதால் எழுதுகிறேன்.

2012-ஆம் ஆண்டின் இறுதியில் ஷிராஸில் காலேயின் தாய் இறந்துவிட்டார். அந்த அக்டோபரில்தான் ஈரானிய நாணயம் சில நாட்களுக்குள் சரிந்து விழுந்திருந்தது. வீட்டிலிருந்து வரும் பணத்தின் மதிப்பு பாதிக்கும் கீழே போய், மகளின் கட்டணத்தையே எப்படிக் கட்டுவது என்று அவர்கள் தவித்துக்கொண்டிருந்தார்கள்; விமானச்சீட்டு என்பது நினைத்துப் பார்க்க முடியாத செலவு. காலேயின் தம்பி, காலேயின் மகளை மட்டும் தனியே அழைத்துச் செய்தியைச் சொல்லி, அம்மாவிடம் சொல்லாதே என்றார். மகள் என்னிடம் சொல்லி, நீங்களும் சொல்லாதீர்கள் என்றாள்.

வெளிநாட்டில் இருப்பவரிடம் கெட்ட செய்தியை மறைப்பது ஈரானியக் குடும்பங்களில் பரவலான வழக்கம். அங்கிருந்து தனியே அழுது என்ன செய்யப்போகிறாள், ஆறுதல் சொல்ல யார் இருக்கிறார்கள் என்பது அவர்கள் கேட்கும் கேள்வி. எனக்கோ அது பெருங்கொடுமையாகப் பட்டது. ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் காலே தொலைபேசியில் அம்மாவைக் கேட்பார். குளிக்கிறார், தூங்குகிறார், தொழுகையில் இருக்கிறார் என்று தம்பி ஏதேனும் சொல்வார். நான் எதிர்வீட்டுச் சமையலறையில் நின்று அதைக் கேட்டுக்கொண்டிருப்பேன். சொல்லிவிட வேண்டும் என்று இரண்டு முறை வாசல்வரை போய்த் திரும்பினேன்.

அந்த நாட்களில் ஒரு வியாழக்கிழமை மாலை, மாவு வறுபடும் மணம் நடைபாதையெங்கும் நிறைந்திருந்தது. காலே ஹல்வா கிளறியிருந்தார்: மாவை நெய்யில் பொன்னிறமாக வறுத்து, பன்னீரும் குங்குமப்பூவும் சேர்த்துச் செய்வது. ஒரு தட்டை என்னிடம் நீட்டி, "நம்மை விட்டுப் போனவர்கள் எல்லோருக்குமாக" என்றார். வியாழக்கிழமை இறந்தவர்களுக்கு உரியது என்பதை நான் அறிந்திருந்தேன். யார் நினைவாக என்று கேட்கவில்லை. அடுத்த வியாழக்கிழமையும் செய்தார். அதற்கு அடுத்த வியாழக்கிழமையும்.

முப்பதாம் நாள் தம்பி தொலைபேசியில் உண்மையைச் சொன்னார். மகள் ஓடிவந்து என்னை அழைத்தாள். நான் போனபோது காலே கறுப்பு உடையில் இருந்தார். அழுதார், மார்பில் அடித்துக்கொண்டு, தாயைப் பெயர் சொல்லி அழுதார். இரவு வெகுநேரம் கழித்து, மகள் தூங்கிய பின், என்னிடம் தாழ்ந்த குரலில் சொன்னார்: இரண்டாம் வெள்ளிக்கிழமையே தெரியும். தம்பியின் குரலில் தெரிந்துவிட்டது. அவன் எனக்காக இந்தச் சுமையைத் தூக்கிக்கொண்டிருந்தான். எனக்குத் தெரியும் என்று சொல்லியிருந்தால், அவ்வளவு நாள் அவன் தூக்கியது வீணாகிப் போயிருக்கும்.

2024 நவம்பர் 18

திருத்தம். முப்பதாம் நாள் என்று எழுதியது தவறு. பழைய நாட்குறிப்பை எடுத்துப் பார்த்தேன், முப்பத்தெட்டாம் நாள். எண் முக்கியமானது. நாற்பதாம் நாள், 'செஹெலோம்', துக்கத்தின் பெரிய வாயில். அதற்கு இரண்டு நாள் முன்னதாகச் சொல்லியிருக்கிறார்கள் என்றால், நாற்பதாம் நாளை அவர் தாயின் மகளாக அனுசரிக்க வேண்டும் என்று காத்திருந்து சொல்லியிருக்கிறார்கள். 'கொடுமை' என்று நேற்று எழுதிய சொல்லைப் பாதியளவு திரும்பப் பெறுகிறேன். மறு பாதியை இன்னும் வைத்திருக்கிறேன், ஏனெனில் அந்த இரண்டாம் வெள்ளிக்கிழமை முதல் அவர் யாரும் அறியாமல் தனியே அழுதிருக்கிறார்.

2024 டிசம்பர் 1

நாற்பதாம் நாளைப் பற்றி மேலும் எழுதச் சொல்லிக் கேட்டிருக்கிறீர்கள்.

மூன்றாம் நாள், ஏழாம் நாள், நாற்பதாம் நாள், ஆண்டு நிறைவு என்று அவர்களுடைய துக்கத்துக்கு ஒரு நாட்காட்டி இருக்கிறது. 2016-இல் நான் ஈரான் சென்றபோது, தெஹ்ரானுக்குத் தெற்கே 1970-இல் திறக்கப்பட்ட பெஹெஷ்தெ ஸஹ்ரா கல்லறைத் தோட்டத்துக்கு ஒரு வியாழக்கிழமை அழைத்துச் சென்றார்கள். கல்லறைக் கல்லைத் தண்ணீரும் பன்னீரும் ஊற்றிக் கழுவி, குனிந்து, விரல் நுனியால் கல்லைத் தட்டிவிட்டுப் பிரார்த்தனை சொல்கிறார்கள். உறங்குபவரின் கதவைத் தட்டுவதுபோல இருந்தது. முன்பின் அறியாதவர்கள் பேரீச்சம்பழத் தட்டை என் முன் நீட்டினார்கள். 1980 முதல் 1988 வரை ஈராக்குடன் நடந்த போரில் இறந்தவர்களின் பகுதியில், ஒவ்வொரு கல்லின் தலைமாட்டிலும் ஒரு கண்ணாடிப் பெட்டி. உள்ளே மீசை அரும்பிய ஒரு பையனின் நிழற்படம். அருகில் மடக்கு நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்த மூதாட்டி ஒருவர் தமது மகனின் படத்தைக் காட்டி, பார், இவனைவிட நான் எவ்வளவு முதியவளாகிவிட்டேன் என்றார். 1990 ஆகஸ்டில் போர்க்கைதிகள் திரும்பத் தொடங்கியபோது, இறந்துவிட்டார் என்று கருதிச் சடங்கு முடித்திருந்த சில வீடுகளின் கதவை உயிரோடிருந்த மகனே வந்து தட்டியிருக்கிறான். மற்ற தாய்மார்கள் அதைக் கேட்டுக்கொண்டு எத்தனை ஆண்டுகள் வாசலைப் பார்த்திருப்பார்கள் என்று நினைத்தாலே எனக்கு நெஞ்சு குறுகிவிடுகிறது.

மணமாகாத இளைஞன் இறந்தால் தெருவில் கண்ணாடித் துண்டுகளும் விளக்குகளும் பதித்த ஒரு கூண்டை நிறுத்துவார்கள். அதன் பெயர் 'ஹெஜ்லே': மணவறை. அவன் காணாத மணவறையைத் தெருவே அவனுக்கு அமைத்துக் கொடுக்கிறது.

இந்த வீட்டுத் துக்கத்தின் நாட்காட்டிதான் அந்த நாட்டின் வரலாற்றையும் இரண்டு முறை நகர்த்தியது. 1978 ஜனவரி 9 அன்று கொம் நகரில் ஷா மன்னரின் ஆட்சியை எதிர்த்து நின்று சுடப்பட்டவர்களின் நாற்பதாம் நாள் பிப்ரவரி 18-இல் தப்ரீஸில் கிளர்ச்சியானது; அங்கே இறந்தவர்களின் நாற்பதாம் நாள் மார்ச் இறுதியில் யஸ்து முதலிய நகரங்களில். 2022-இல் ஒழுக்கக் காவலரின் பிடியில் இருந்தபோது நினைவிழந்து செப்டம்பர் 16 அன்று இறந்த மஹ்சா ஜீனா அமீனியின் நாற்பதாம் நாளன்று, அடைக்கப்பட்ட சாலையைச் சுற்றி வயல்வழியாகவும் நடந்து ஆயிரக்கணக்கானோர் சக்கெஸ் நகரத்துக் கல்லறைக்குச் சென்றார்கள். ஊர்வலத்தைத் தடைசெய்யலாம்; நாற்பதாம் நாள் வருவதை யார் தடைசெய்ய முடியும்? பெண்கள் கூந்தலை அறுத்துக்கொண்டதைப் புதிய எதிர்ப்பு வடிவம் என்று செய்திகள் எழுதின. ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் முடிக்கப்பட்ட ஷாநாமே காப்பியத்தில், கணவன் சியாவஷ் கொல்லப்பட்டபோது ஃபரங்கீஸ் தன் கூந்தலை அறுத்து இடையில் கட்டிக்கொள்கிறாள். அந்தப் பெண்களின் கை அறிந்த பழைய துக்கம் அது.

2024 டிசம்பர் 21

நேற்றிரவு யல்தா, ஆண்டின் மிக நீண்ட இரவு. மாதுளையும் தர்பூசணியும் உலர்கொட்டைகளும் பரப்பிவைத்து, குடும்பம் விழித்திருந்து ஹாஃபெஸின் கவிதைத் தொகுப்பைத் திறந்து குறி பார்க்கும். 14-ஆம் நூற்றாண்டில் அதே ஷிராஸில் வாழ்ந்தவர். அவர் கல்லறை இன்றும் காதலர்களும் பாட்டிகளும் கூடுமிடம்.

அந்தக் குறி பார்ப்பதில் ஒரு நுட்பம் இருக்கிறது. கேட்பவர் தமது நினைப்பை மனத்துக்குள் மட்டும் சொல்லிக்கொள்வார். என்ன நினைத்தாய் என்று யாரும் கேட்கக் கூடாது. திறந்த பக்கத்தில் வந்த கஸலை எல்லோரும் கேட்க ஒருவர் உரக்க வாசிப்பார். பிறகு வீடே அதற்குப் பொருள் சொல்லும். கேள்வி அவருடைய இரகசியம், விடையோ எல்லோருக்கும் சொந்தம். 2012 யல்தாவில், தாயை இழந்த துக்கத்தில் இருந்த காலே கண்ணை மூடி நூலைத் திறந்தார், மகள் வாசித்தாள், காலே அழுதார், என்ன கேட்டார் என்று நாங்கள் கேட்கவில்லை. ஆனால் மகள் நூலை மூடிவிட்டுப் போய்த் தாயின் மடியில் தலைவைத்துப் படுத்துக்கொண்டாள்.

மனத்தைத் திறந்து பேசுவது என்று நீங்கள் சொல்வதை, அந்த இரவில் அவர்கள் அதன் மிக நுண்ணிய வடிவில் செய்தார்கள் என்று உறுதியாக நம்புகிறேன்.

2024 டிசம்பர் 26

2022 செப்டம்பர் முதல் முடக்கப்பட்டிருந்த வாட்ஸ்ஆப்பை ஈரானில் இந்த வாரம் திறந்துவிட்டார்கள். இரண்டாண்டுகளுக்கு மேலாகத் 'தடையுடைப்பான்' செயலிகள் வழியாக, பாதிப் பேச்சில் அறுந்து அறுந்து பேசிவந்தோம். இன்று காலேயின் முகம் அசையாமல் தெளிவாக வந்தது. இருவருக்கும் முதல் ஐந்து நிமிடம் என்ன பேசுவது என்று தெரியவில்லை.

2025 ஜனவரி 12

இழையைத் தொடங்கியவருக்கு ஒரு கடன் பாக்கி வைத்திருக்கிறேன்.

இதுவரை எழுதியதில், உணர்ச்சிகளுக்கெல்லாம் அவர்களிடம் ஒரு பாத்திரம் இருக்கிறது என்பதுபோல எழுதிவிட்டேன். பாத்திரம் இல்லாதவையும் உண்டு. 2016-இல்தான், காலே பல ஆண்டுகளாகக் கணவரோடு ஒரு சொல்லும் பேசாமல் வாழ்ந்தவர் என்பதை மகளின் வாயிலாக அறிந்தேன். அங்கே இதற்கு 'தலாகெ ஆதெஃபி', உணர்வளவிலான மணவிலக்கு என்று இப்போது பெயர் வைத்திருக்கிறார்கள்: ஒரே கூரை, ஒரே உறவினர் கூட்டம், நடுவே எதுவுமில்லை. மகளுக்குத் துணையாகப் போகிறேன் என்பதே அவர் ஊரை விட்டு வரக் கிடைத்த ஒரே வழி. மணமான பெண் கடவுச்சீட்டு பெறவே கணவனின் எழுத்துச் சம்மதம் வேண்டும். அந்தக் கையெழுத்தை அவர் எப்படிப் பெற்றார் என்பதை நான் அறிய விரும்பவில்லை. மூன்றாண்டுகள் எதிர்வீட்டில் இருந்தும் என்னிடம் இதைப் பற்றி அவர் மூச்சுவிடவில்லை. 'ஆபெரு', முகத்தின் நீர், என்று மானத்தைச் சொல்வார்கள். சிந்திவிட்டால் அள்ள முடியாது. ஆகவே முகமூடி என்று நீங்கள் சொன்னதில் ஒரு பகுதியை ஒப்புக்கொள்கிறேன். அவருடைய முகத்தைக் காத்ததும் அதுதான், அதற்குள் அவரைத் தனியே விட்டதும் அதுதான்.

உங்கள் பக்கத்து மேசைக்காரரிடம் வீட்டில் யார் இருக்கிறார்கள் என்று கேட்காதீர்கள். அவர் இல்லாமல் நீங்கள் ஏதேனும் நல்ல உணவு உண்டால், மறுநாள் "ஜாத் காலி" என்று சொல்லிப் பாருங்கள். உங்கள் இடம் வெறுமையாக இருந்தது என்று பொருள்.

2025 மார்ச் 21

நேற்று நொரூஸ். ஆண்டு பிறப்பது நள்ளிரவில் அல்ல. சூரியன் நிலநடுக்கோட்டைக் கடக்கும் அந்த நொடியில். தெஹ்ரானில் பகல் 12:31, சென்னையில் 2:31. அமெரிக்காவில் இருக்கும் மகளுக்கு அதிகாலை. மூவரும் ஒரே அழைப்பில் இருந்தோம்.

அவள் 2015-இல் ஒருமுறை மட்டும் நுழையும் மாணவர் அனுமதியில் போனவள். வெளியேறினால் திரும்ப முடியுமா என்ற அச்சத்தில் ஊருக்கு வரவில்லை. 2017-க்குப் பின் தாய்க்கு அங்கே அனுமதி கிடைக்கவில்லை. அந்த ஆண்டுகளில், அமெரிக்க-கனடிய எல்லைக்கோடு நடுவே ஓடும் டெர்பி லைன் ஊர் நூலகத்தில் ஈரானியக் குடும்பங்கள் சில மணி நேரம் சந்தித்துக்கொண்ட செய்தியை அவள்தான் எனக்கு அனுப்பினாள். புத்தக அடுக்குகளுக்கு இடையே தாய் கனடாப் பக்கத்திலிருந்தும் மகள் அமெரிக்கப் பக்கத்திலிருந்தும் வந்து அமர்ந்திருந்தார்கள். காலேயும் மகளும் ஏழாண்டுகள் கழித்து, 2022-இல் ஆர்மீனியாவின் எரவானில் ஒன்பது நாள் ஒன்றாக இருந்தார்கள். அந்த ஒன்பது நாளில் ஒரு நாளைக் கஹ்ரில் கழித்தோம் என்று இருவரும் தனித்தனியே என்னிடம் சொல்லி வருந்தினார்கள்.

2025 ஜூன் 20

இஸ்ரேலுக்கும் ஈரானுக்கும் போர் தொடங்கி ஒரு வாரம். 13-ஆம் தேதி அனுப்பிய செய்திக்கு "நலம்" என்று ஒரு சொல் வந்தது. 18-ஆம் தேதி முதல் இணையம் ஏறத்தாழ முழுவதும் அறுந்துவிட்டது. மகளுக்கும் ஒன்றும் தெரியவில்லை. 'நலம்' என்ற சொல்லை எத்தனை முறை படித்தாலும் அதில் காலேயின் குரல் இல்லை.

2025 ஜூன் 27

24-ஆம் தேதி சண்டை நின்றது. நேற்றிரவு குரல்செய்தி வந்தது. முதலில் என் தாயின் முழங்கால்வலி எப்படி இருக்கிறது என்று கேட்டார். பிறகு தெஹ்ரானிலிருந்து வந்த உறவினர் பதினொருவர் வீட்டில் தங்கியிருந்ததையும், அவர்களுக்குச் சோறு ஆக்கியதையும், ஒரு பெரிய பானை கைப்பிடி உடைந்ததையும் சொன்னார். அஞ்சியதைச் சொல்லவில்லை. வசந்தத்தில் நாரத்தம்பூ பறித்துச் செய்த பாகு ஒரு குப்பி எனக்கென்று எடுத்துவைத்திருப்பதாகவும், விருந்தினர் கையில் படாமல் அலமாரியின் பின்வரிசையில் மறைத்துவைத்ததாகவும் சொல்லி, எப்போது வருகிறாய் என்று கேட்டார்.

இந்தச் சூழலில் எப்படி என்று எழுதினேன். மறுபடி கேட்டார். உங்களுக்கு ஏன் தொல்லை என்றேன். சற்று நேரம் ஒன்றும் வரவில்லை. பிறகு மூன்றாம் முறை கேட்டார், அந்தக் குப்பியின் படத்தோடு. மூடிமேல் ஒட்டிய தாளில் பாரசீக எழுத்தில் என் பெயர் இருந்தது.

வருகிறேன் என்று எழுதினேன்.